மேக்ஸ் லெவ்சின்: கோட் எழுதிக்கொண்டிருந்தவர் கடன் கொடுக்கும் தொழிலுக்கு எப்படி வந்தார்?

ஓஎம்ஆர்_ஜாவாக்காரன்:

எல்லோருக்கும் வணக்கம். சென்னையில் ஒரு சர்வீஸ் கம்பெனியில் வேலை பார்க்கிறேன், அமெரிக்க வங்கி ஒன்றின் கார்டு பேமெண்ட் ப்ராஜெக்ட். செட்டில்மென்ட் ஃபைல் (வங்கிகளுக்கு இடையே பணக் கணக்கு முடிப்பது), சார்ஜ்பேக் ஃபைல் (வாடிக்கையாளர் முறையிட்டதால் திருப்பி எடுக்கப்படும் பணம்) என்று பொழுது போகிறது. சொந்தமாக ஃபின்டெக் (டெக்னாலஜி வழியாக நிதிச் சேவை) பக்கம் ஏதாவது தொடங்கலாம் என்று ரொம்ப நாளாகவே ஒரு அரிப்பு. டீமில் ஒருவர் "முதலில் மேக்ஸ் லெவ்சின் கதையைப் படி, இணையத்தில் பணம் அனுப்பும் பேபாலைத் தொடங்கியவர்களில் ஒருவர், இப்போது அஃபர்ம் என்ற தவணைக் கடன் கம்பெனி நடத்துகிறார், அவரும் உன்னை மாதிரி கோட் எழுதிக்கொண்டிருந்தவர்தான்" என்றார். சரி என்று தேடினால் பேபால் என்றாலே எலான் மஸ்க், பீட்டர் தீல் பெயர்தான் பக்கம் பக்கமாக வருகிறது, இந்த மனிதரைப் பற்றி தமிழில் ஒன்றுமே காணோம்.

எனக்குத் தெரிய வேண்டியது இதுதான். வங்கி, கடன், வட்டி என்று எதுவும் படிக்காத ஒருவர் அந்தத் தொழிலை எங்கே கற்றுக்கொண்டார்? எம்பிஏ, சிஏ எல்லாம் இல்லாமல் நம்மை மாதிரி ஆட்கள் இதற்குள் இறங்க முடியுமா? அப்புறம், பேபாலை விற்றுவிட்டு பத்து வருஷம் கழித்து திரும்பவும் இதே துறைக்கு ஏன் வந்தார்? யாராவது கொஞ்சம் விவரமாகச் சொன்னால் நன்றாக இருக்கும். "கனவு காணுங்கள்" வகை பதில்கள் வேண்டாம், அது வாட்ஸ்அப்பிலேயே நிறைய வருகிறது.

---

பழைய_யூனிக்ஸ்:

லெவ்சினைப் பற்றிக் கேட்க ஒரு ஆள் கிடைத்தாரே. நீளமாகத்தான் எழுதப் போகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

1975ல் கீவ் நகரில் பிறந்தவர், அப்போது அது சோவியத் யூனியன். யூதக் குடும்பம், அம்மா இயற்பியலாளர், பாட்டி வானியற்பியலாளர். 1991ல் குடும்பத்தோடு அமெரிக்காவில் அடைக்கலம் கேட்டு சிகாகோவில் வந்து இறங்கும்போது கையில் இருந்தது சில நூறு டாலர்தான். பள்ளி முடித்து இலினாய் பல்கலைக்கழகத்தின் அர்பானா-சாம்பெய்ன் வளாகத்தில் கம்ப்யூட்டர் சயின்ஸ், 1997ல் பட்டம். இந்த இடம் முக்கியம். மொசைக் பிரவுசர் 1993ல் அங்கேதான் எழுதப்பட்டது, அதை எழுதிய பையன்கள் கலிஃபோர்னியா போய் நெட்ஸ்கேப் தொடங்கிக் கோடீஸ்வரர்கள் ஆனதைப் பார்த்துக்கொண்டே படித்த தலைமுறை இவருடையது. படிக்கும்போதே நண்பர்கள் லூக் நோசெக், ஸ்காட் பானிஸ்டருடன் சேர்ந்து சின்னச் சின்னக் கம்பெனிகள் ஆரம்பித்துப் பார்த்தார், பெரிதாக எதுவும் ஓடவில்லை.

அவருடைய உண்மையான பைத்தியம் கிரிப்டோகிராஃபி. இப்போது இந்தச் சொல்லைக் கேட்டால் பிட்காயின்தான் ஞாபகம் வரும், நான் சொல்வது ரகசியக் குறியீட்டுக் கணிதம். 1998ல் பாலோ ஆல்டோ வந்து நண்பர் வீட்டில் தங்கியிருக்கிறார். ஒரு வெயில் நாளில் ஏசிக்காக ஸ்டான்ஃபோர்டில் ஒரு சொற்பொழிவுக்குள் நுழைந்தார், பேசிக்கொண்டிருந்தவர் பீட்டர் தீல், கேட்க வந்தவர்கள் விரல் விட்டு எண்ணக்கூடிய கூட்டம். முடிந்ததும் போய்ப் பேச்சுக் கொடுத்தார். அந்த வருடக் கடைசியிலேயே கம்பெனி தொடங்கியாயிற்று. முதல் பெயர் ஃபீல்ட்லிங்க், பிறகு கன்ஃபினிட்டி.

இதில் நம்ம ஆட்கள் கவனிக்க வேண்டியது, முதல் ஐடியாவுக்கும் பணத்துக்கும் சம்பந்தமே கிடையாது. பாம்பைலட் என்று ஒரு கையடக்கக் கருவி இருந்தது, 16 மெகாஹெர்ட்ஸ் பிராசஸர். அந்த நோஞ்சான் சில்லில் பலமான குறியாக்கத்தை ஓட வைப்பது எப்படி என்பது லெவ்சினுக்கு ஒரு புதிர். எலிப்டிக் கர்வ் என்ற குறியாக்க முறையில் ஓட வைத்தும் காட்டினார். ஆனால் வாங்க ஆள் இல்லை. சரி, இந்தப் பாதுகாப்பை வைத்து எதைப் பாதுகாக்கலாம் என்று ஒவ்வொன்றாக மாற்றி மாற்றி யோசித்து, கடைசியில் பணத்தில் வந்து நின்றார்கள். இரண்டு பாம்பைலட்டை எதிரெதிரே காட்டினால் இன்ஃப்ராரெட் வழியாக ஒருவர் இன்னொருவருக்குப் பணம் அனுப்பலாம். இந்தச் சேவைக்கு வைத்த பெயர்தான் பேபால்.

1999 ஜூலையில் வுட்சைடில் இருக்கும் பக்ஸ் என்ற ஹோட்டலில் பத்திரிகைக்காரர்களைக் கூப்பிட்டு, முதலீட்டுத் தொகையை நிஜமாகவே பாம்பைலட்டில் 'பீம்' செய்து வாங்கினார்கள். நோக்கியா வென்ச்சர்ஸும் டாய்ச்ச வங்கியும் போட்ட பணம். டெமோ என்றால் பொம்மைக் காட்சி காட்டுவதில் லெவ்சினுக்குச் சம்மதம் இல்லை, குறியாக்கம் உட்பட எல்லாம் ஒழுங்காக வேலை செய்தாக வேண்டும் என்று நாட்கணக்கில் தூங்காமல் கோட் எழுதினார். நிகழ்ச்சி முடிந்து ஆம்லெட் ஆர்டர் பண்ணிவிட்டு மேஜையிலேயே தூங்கிவிட்டார், எழுந்து பார்த்தால் ஆம்லெட் மட்டும் எதிரே இருக்கிறது, ஒருவரையும் காணோம். அவரே சொன்னது.

இவ்வளவு பாடுபட்ட பாம்பைலட் சமாச்சாரம் உச்சத்தில் தொட்டது சுமார் 12,000 பயனர்கள். கூடவே சும்மா ஒரு டெமோவுக்காக இணையத்தில் மின்னஞ்சல் வழியாகப் பணம் அனுப்பும் பக்கம் ஒன்றைப் போட்டு வைத்திருந்தார்கள். ஈபே என்ற இணைய ஏலத் தளத்தின் விற்பனையாளர்கள் அதைக் கண்டுபிடித்து, "உங்கள் லோகோவை எங்கள் ஏலப் பக்கத்தில் போட்டுக்கொள்ளலாமா" என்று கேட்க, இவர்கள் முதலில் வேண்டாம் என்று விரட்டப் பார்த்தார்கள்! அந்தப் பக்கம் பத்து லட்சத்தைத் தாண்டிப் போன பிறகு கையடக்கக் கருவியைக் கைவிட்டார்கள்.

இனிதான் உங்கள் கேள்விக்குப் பதில். 2000ஆம் ஆண்டு மார்ச்சில் மஸ்க் அப்போது நடத்திய எக்ஸ்.காம் என்ற இணைய வங்கிக் கம்பெனியுடன் இணைந்தார்கள். புதிதாகச் சேர்பவருக்கு 10 டாலர், ஆள் பிடித்துத் தருபவருக்கு 10 டாலர் என்று வாரி இறைத்ததில் கூட்டம் சேர்ந்தது, அதே வேகத்தில் திருடர்களும் சேர்ந்தார்கள். திருட்டு கிரெடிட் கார்டை வைத்துக் கணக்கு திறப்பது, பணத்தைப் பத்து கணக்குகளில் சுற்றவிட்டு வெளியே எடுப்பது, கார்டுக்கு உரியவர் ஒரு மாதம் கழித்துப் பார்த்துவிட்டு வங்கியில் முறையிட்டால் சார்ஜ்பேக், நஷ்டம் பேபால் தலையில். உங்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை, நீங்கள் தினமும் பார்க்கும் ஃபைல்தான் அது. உச்சத்தில் மாதம் ஒரு கோடி டாலர் வரைக்கும் மோசடியில் போனது.

லெவ்சின் மற்ற வேலைகளை ஓரம் கட்டிவிட்டு இதில் உட்கார்ந்தார். பாப் ஃப்ரெஸா என்ற இளம் பொறியாளரும் அவரும் சேர்ந்து எழுதிய மென்பொருளுக்கு இகோர் என்று பெயர், இவர்களைச் சீண்டிக்கொண்டிருந்த ஒரு ரஷ்ய மோசடிக்காரனின் புனைபெயர் அது. பணம் எந்தக் கணக்கிலிருந்து எந்தக் கணக்குக்குப் போகிறது என்பதைப் படமாகப் போட்டுக் காட்டும், சந்தேகமானதை மேலே கொண்டு வரும், தீர்ப்புச் சொல்வது மனிதர்கள். முழுக்க இயந்திரத்திடம் விடவில்லை, முழுக்க ஆட்களை வைத்தும் பார்க்கவில்லை. பிற்பாடு தீல் தொடங்கிய பாலன்டிர் என்ற டேட்டா அலசும் கம்பெனிக்கு விதை இதுதான்.

பதிவுப் பக்கத்தில் கோணல் மாணலான எழுத்துகளைப் படித்துத் தட்டச்சு செய்யச் சொல்வார்களே, அதை வணிக ரீதியில் முதலில் பயன்படுத்தியவர்களில் இவர்களும் உண்டு. டேவிட் காஸ்பெக் என்ற பொறியாளரும் லெவ்சினும் சேர்ந்து செய்ததால் காஸ்பெக்-லெவ்சின் சோதனை என்றே பெயர். வங்கிக் கணக்கு உங்களுடையதுதானா என்று பார்க்க இரண்டு சில்லறைத் தொகைகளைப் போட்டுவிட்டு எவ்வளவு வந்தது என்று கேட்கும் முறையைக் கொண்டு வந்தவர் சஞ்சய் பார்கவா, சிட்டிபேங்கில் இருந்து பேபாலுக்குப் போன இந்தியர். இன்றைக்கு நம்ம ஊரில் மியூச்சுவல் ஃபண்ட் கணக்கு தொடங்கும்போது ஒரு ரூபாய் விழுகிறதே, அந்த பென்னி டிராப்பின் முன்னோடி.

அந்தக் காலத்தில் வேறு நிறையப் பணம் அனுப்பும் கம்பெனிகள் இருந்தன, பெரும்பாலானவை மோசடியில் மூழ்கின. பேபால் பிழைத்ததற்கு முக்கியக் காரணம் இந்த டீம். ஆக லெவ்சின் நிதித்துறையைக் கற்றுக்கொண்ட இடம் கம்பெனி பணம் ஓட்டையில் ஒழுகிய இடம். எந்த மனிதரை எவ்வளவு நம்பலாம் என்பதை டேட்டாவில் இருந்து கணிப்பது. கொஞ்சம் யோசித்துப் பார்த்தால் கடன் கொடுப்பதும் அதே கணக்குதான்.

மஸ்க் விவகாரம் ஒரே வரியில்: அவர் எல்லாவற்றையும் மைக்ரோசாஃப்ட் பக்கம் மாற்றச் சொன்னார், லெவ்சின் யூனிக்ஸ் என்ற வேறொரு இயங்குதளத்தின் ஆள் (என் பெயரைப் பார்த்தாலே நான் யார் பக்கம் என்று தெரியும்), 2000 செப்டம்பரில் மஸ்க் தேனிலவுக்கு விமானம் ஏறிய நேரத்தில் கூட்டமாகச் சேர்ந்து அவரை சிஇஓ பதவியில் இருந்து இறக்கிவிட்டார்கள். 2002 பிப்ரவரியில் ஐபிஓ (பொதுமக்களுக்கு முதல் பங்கு விற்பனை), பங்கு 13 டாலர். அதே வருடம் ஈபே 150 கோடி டாலருக்கு வாங்கியது, லெவ்சின் சீக்கிரமே வெளியேறினார். அப்போது வயது 27.

---

சந்தேகப்_பிராணி:

பழைய யூனிக்ஸ் சார் நன்றாக எழுதியிருக்கிறார், ஆனால் நடுவில் ஒரு பத்து வருஷத்தைக் காணோமே? இதே மகா மேதைதான் ஸ்லைட் என்று ஒரு கம்பெனி ஆரம்பித்தார். மைஸ்பேஸ், ஃபேஸ்புக்கில் புகைப்படம் ஓடும் பெட்டி, ஒருவர் மேல் ஒருவர் ஆட்டுக்குட்டியைத் தூக்கி எறியும் சூப்பர்போக். சிரிக்காதீர்கள், 2008ல் முதலீட்டாளர்கள் அதற்கு 50 கோடி டாலருக்கு மேல் மதிப்புப் போட்டார்கள். ஃபேஸ்புக் விதிகளை மாற்றியதும் காற்று போய்விட்டது. 2010ல் கூகுள் 18.2 கோடி டாலருக்கு வாங்கி, அடுத்த வருஷமே மூடியது.

அதே ஆள், அதே மூளை, அதே உழைப்பு. எனவே 1999ல் பணம் ஆறாக ஓடிய காலம், தீல் மாதிரி ஒரு கூட்டாளி, ஈபே மாதிரி தானாக வந்து மாட்டிய வாடிக்கையாளர் கூட்டம், இதையெல்லாம் கணக்கில் எடுக்காமல் "மோசடியைப் படித்தார், ஜெயித்தார்" என்று சொன்னால் கேட்க நன்றாக இருக்கிறது, அவ்வளவுதான். 10 டாலர் சும்மா கொடுக்க உங்களிடம் யார் பணம் தருவார்கள்?

அஃபர்ம் பற்றியும் ஒரு வார்த்தை. "நேர்மையான கடன்" என்று விளம்பரம், வட்டி 36 சதவீதம் வரைக்கும். நம்ம ஊரில் இதற்கு வேறு பெயர் வைத்திருக்கிறார்கள்.

---

ரிஸ்க்_டெஸ்க்_அக்கா:

நான் ஒரு என்பிஎஃப்சியில் (வங்கி அல்லாத நிதி நிறுவனம்) கடன் மதிப்பீட்டுப் பிரிவில் இருக்கிறேன், அதனால் அஃபர்ம் பகுதியை நான் எடுத்துக்கொள்கிறேன். சந்தேகப் பிராணி சொன்ன 36 சதவீதம் உண்மைதான், அது உச்ச வரம்பு, கீழ் வரம்பு பூஜ்யம். ஆனால் கந்துவட்டியோடு ஒப்பிடுவதற்கு முன்னால் அந்தக் கடன் எப்படிக் கட்டப்பட்டிருக்கிறது என்று பார்க்க வேண்டும்.

முதலில் ஏன் வந்தார் என்பது. லெவ்சின் பல பேட்டிகளில் சொல்லும் விஷயம்: மாணவராக இருந்தபோது கிரெடிட் கார்டை ஒழுங்காகக் கட்டாமல் கிரெடிட் ஸ்கோரை (கடனைத் திருப்பிக் கட்டும் நம்பகத்துக்கான மதிப்பெண்) கெடுத்துக்கொண்டார். பேபால் ஐபிஓ முடிந்து கோடிக்கணக்கில் சொத்து இருக்கும்போது கார் வாங்கப் போனால் ஸ்கோர் சரியில்லை, கடன் கிடையாது. அமெரிக்காவில் அந்த மூன்று இலக்க எண் ஒருவருடைய பழைய பாவத்தைத்தான் சொல்கிறது, இன்றைய நிலையைச் சொல்வதில்லை என்பது அவருக்கு எரிச்சலாகவே இருந்திருக்கிறது. பாலன்டிரைத் தொடங்கியவர்களில் ஒருவரான நேதன் கெட்டிங்ஸ், ஜெஃப்ரி கடிட்ஸ் ஆகியோருடன் 2012ல் அஃபர்ம் தொடங்கினார், 2014ல் தானே சிஇஓ ஆனார். பேபால் காலத்து மோசடிக் கணிப்பில் இருந்து நேராக இங்கே ஒரு கோடு போட முடியும் என்பதில் பழைய யூனிக்ஸ் சாரோடு உடன்படுகிறேன். ஸ்லைட் தோற்றதும்கூட அதற்கு ஒரு சாட்சிதான், அதில் அவருக்குத் தெரிந்த கணக்கு எதுவுமே இல்லையே.

ஆனால் ஒரு வித்தியாசம் இருக்கிறது. மோசடிக்காரன் வரும்போதே பொய்யோடு வருகிறான். கடன்காரர் அப்படி இல்லை, இன்றைக்கு நிஜமாகவே கட்ட வேண்டும் என்றுதான் வாங்குகிறார், ஆறு மாதம் கழித்து வேலை போய்விடுகிறது. முன்னதைக் கண்டுபிடிக்கலாம், பின்னதை ஊகிக்கத்தான் முடியும். என் தாத்தா கிராமம் கிராமமாகப் பாத்திரம் தவணைக்கு விற்றவர். யார் வீட்டில் அண்டா கொடுக்கலாம், யார் வீட்டில் சொம்போடு நிறுத்திக்கொள்ள வேண்டும் என்று வாசலில் நின்று பேசியே தீர்மானிப்பார், அப்படியும் மழை பொய்த்த வருஷம் எல்லோரும் சேர்ந்து தவணை கட்டுவதை நிறுத்திவிடுவார்கள். அஃபர்ம் செய்வதும் ஏறக்குறைய அந்த வேலைதான். ஒவ்வொரு வாங்கலுக்கும் தனியாக, இந்த ஆள், இந்தப் பொருள், இந்தக் கடை, இந்தத் தொகை என்று நொடிகளில் முடிவெடுக்கிறது. கார்டு மாதிரி ஒரு பெரிய வரம்பைக் கொடுத்துவிட்டுப் போவதில்லை.

வட்டி தனி வட்டி, அதன் மேல் வட்டி ஏறாது. தாமதக் கட்டணம் கிடையாது. 1000 டாலர் சைக்கிளை 15 சதவீதத்தில் 12 மாதத்துக்கு வாங்கினால் மாதம் 90.26 டாலர், மொத்த வட்டி சுமார் 83 டாலர். அந்த 83 என்பதை வாங்கும்போதே டாலரில் காட்டிவிடுகிறார்கள், எவ்வளவு தாமதம் செய்தாலும் அது ஏறாது. இதன் அர்த்தம் என்னவென்றால் நீங்கள் கட்டத் தவறினால் அஃபர்முக்கு லாபம் கிடையாது, நஷ்டம்தான். கார்டு கம்பெனிக்கு நிலைமை வேறு, நீங்கள் குறைந்தபட்சத் தொகையை மட்டும் கட்டிக்கொண்டு வருஷக்கணக்கில் இழுப்பதுதான் அதற்கு வருமானம். கடன் கட்டாமல் போனால் அஃபர்ம் சும்மா விடும் என்று அர்த்தமில்லை, அடுத்த கடன் கிடைக்காது, கடன் வரலாற்றைப் பதிந்து வைக்கும் கிரெடிட் பீரோவுக்கும் தகவல் போகும்.

வருமானம் இரண்டு பக்கம். வாடிக்கையாளர் தரும் வட்டி ஒன்று, கடைக்காரர் தரும் கமிஷன் இன்னொன்று. பூஜ்ய வட்டி என்று போட்டிருந்தால் அந்த வட்டியைக் கடைக்காரர் ஏற்றுக்கொள்கிறார் என்று பொருள், விற்பனை கூடினால் போதும் என்று.

இனி இருட்டுப் பக்கம். 2020ல் எல்லோரும் வீட்டில் அடைந்து கிடந்தபோது பெலோட்டன் உடற்பயிற்சி சைக்கிள் விற்பனை எகிறியது. 2020 ஜூனில் முடிந்த நிதியாண்டில் அஃபர்ம் வருமானத்தில் 28 சதவீதம் அந்த ஒரே கடையில் இருந்து. நாங்கள் இப்படி ஒரு கடன் தொகுப்பைப் பார்த்தால் கையெழுத்தே போட மாட்டோம். 2021 ஜனவரியில் 49 டாலருக்கு ஐபிஓ, முதல் நாளே 97ல் முடிந்தது, அந்த வருஷம் நவம்பரில் 160ஐத் தாண்டியது. அப்புறம் அமெரிக்க மத்திய வங்கி வட்டியை ஏற்ற ஆரம்பித்தது. 2022 முடிவதற்குள் பங்கு 10 டாலருக்கும் கீழே. 2023 பிப்ரவரியில் ஊழியர்களில் 19 சதவீதம் பேரை அனுப்பினார்கள், வருமானத்துக்கு மீறி ஆள் எடுத்துவிட்டேன் என்று லெவ்சினே பொறுப்பேற்றார்.

வட்டி ஏறினால் கம்பெனி ஏன் ஆட்டம் காண வேண்டும்? கொடுக்கும் பணம் அவர்களுடையது இல்லை என்பதால்தான். கடனைப் பெயரளவில் கொடுப்பது பெரும்பாலும் நியூ ஜெர்சியில் இருக்கும் கிராஸ் ரிவர் வங்கி மாதிரி ஒரு கூட்டாளி வங்கி. அஃபர்ம் அந்தக் கடனை வாங்கிக்கொள்கிறது, பிறகு மொத்தமாகக் கட்டி பெரிய முதலீட்டாளர்களுக்கு விற்கிறது, அல்லது அதை அடமானமாக வைத்துக் கடன் பத்திரம் வெளியிடுகிறது. வாங்குகிற பணத்தின் விலை ஏறினால் நடுவில் இருப்பவருக்கு மூச்சு முட்டும். கோட் எழுதுபவர்கள் ஃபின்டெக் என்றால் ஆப் என்று நினைக்கிறார்கள், நான் பார்த்த வரையில் கம்பெனி வாழ்வதும் சாவதும் இந்தப் பணம் திரட்டும் பகுதியில்தான்.

---

சந்தேகப்_பிராணி:

அக்கா, தனி வட்டி, தாமதக் கட்டணம் இல்லை, இதெல்லாம் சரி, ஒத்துக்கொள்கிறேன், கார்டை விட மேல்தான். ஆனால் மளிகை சாமானுக்கும் நாலு தவணை என்று ஆன பிறகு நேர்மையான கடனாக இருந்தால் என்ன, இல்லாவிட்டால் என்ன? சைக்கிள் வாங்கக் கடன் வாங்கினால் சைக்கிளாவது மிஞ்சும். அரிசிக்குக் கடன் வாங்கினால் அடுத்த மாதமும் அரிசி வேண்டும், பழைய தவணையும் பாக்கி நிற்கும். 2021 ஆகஸ்டில் அமேசானோடு சேர்ந்தார்கள், 2024ல் 'ஆப்பிள் பே' சேவைக்குள் போய்விட்டார்கள். எந்தக் கடையிலும் கடைசி பட்டன் கடன் பட்டன் என்று ஆகிவிட்டால், எத்தனை கம்பெனியில் எத்தனை தவணை ஓடுகிறது என்று வாங்குபவருக்கே கணக்குத் தெரியாது.

---

ரிஸ்க்_டெஸ்க்_அக்கா:

அது நியாயமான கேள்வி. பல வருஷம் இந்தச் சின்னத் தவணைக் கடன்கள் அமெரிக்க கிரெடிட் பீரோக்களில் சரியாகப் பதிவாகவே இல்லை, ஒருவர் நாலு இடத்தில் வாங்கியிருந்தால் ஐந்தாவது இடத்துக்குத் தெரியாது. 2025 ஏப்ரலில் இருந்துதான் அஃபர்ம் எல்லாக் கடன்களையும் எக்ஸ்பீரியன் என்ற பீரோவுக்குத் தெரிவிக்க ஆரம்பித்தது. தாமதம்தான், அதில் சந்தேகமில்லை. அரிசி விஷயத்தில் உங்களோடு சண்டை போட என்னிடம் ஒன்றும் இல்லை.

---

ஓஎம்ஆர்_ஜாவாக்காரன்:

இவ்வளவு பதில் எதிர்பார்க்கவில்லை, எல்லோருக்கும் நன்றி. அக்கா, இங்கே ஒரு சந்தேகம். அஃபர்ம் மாதிரியே இந்தியாவில் ஒன்று செய்தால் என்ன? நம்ம ஊரில் யுபிஐ இருக்கிறது, ஆதார் இருக்கிறது, டெக்னாலஜி அவர்களை விட மேல் என்றே சொல்லலாம். கோட் பகுதி எனக்குக் கஷ்டமில்லை. நண்பர் ஒருவர் "முதலில் பேமெண்ட் ஆப் போடு, கூட்டம் சேர்ந்ததும் கடனுக்குப் போ" என்கிறார்.

---

ரிஸ்க்_டெஸ்க்_அக்கா:

உங்கள் நண்பருக்கு என் அனுதாபங்கள். பேபால் ஒவ்வொரு பரிவர்த்தனையிலும் விற்பவரிடம் கட்டணம் எடுத்தது, அதில்தான் மோசடி நஷ்டத்தைத் தாங்கியது. இங்கே 2020 ஜனவரியில் இருந்து யுபிஐக்கு எம்டிஆர் (கடைக்காரர் தரும் பரிவர்த்தனைக் கட்டணம்) பூஜ்யம். சாதாரணப் பரிவர்த்தனைக்கு கடைக்காரரிடம் நயா பைசா எடுக்க முடியாது. அதனால்தான் இங்கே பேமெண்ட் ஆப் எல்லாம் சீக்கிரமே தங்கம், இன்சூரன்ஸ், கடன் என்று விற்க ஆரம்பிக்கின்றன. கூட்டம் சேர்க்க ஆகும் செலவை உங்களால் தாங்க முடியாது.

நேராகக் கடனுக்குப் போனால், ரிசர்வ் வங்கி வாசலில் நிற்கிறது. 2022 ஜூனில் ஒரு சுற்றறிக்கை, பிரீபெய்ட் கார்டு, வாலட் இவற்றில் கடன் தொகையை ஏற்றக் கூடாது என்று. அன்றைக்கு அதையே தொழிலாக வைத்திருந்த கம்பெனிகள் எல்லாம் ஆடிப்போயின. அதே வருஷம் செப்டம்பரில் டிஜிட்டல் கடன் விதிகள்: பணம் வங்கி அல்லது என்பிஎஃப்சி கணக்கில் இருந்து நேராகக் கடன் வாங்குபவருக்கோ பொருள் விற்பவருக்கோ போக வேண்டும், நடுவில் இருக்கும் ஆப் கம்பெனியின் கணக்கைத் தொடவே கூடாது. ஆண்டுக்கு மொத்தம் எவ்வளவு சதவீதம் செலவு என்று முன்கூட்டியே சொல்ல வேண்டும். லெவ்சின் விருப்பப்பட்டுச் செய்ததில் பாதியை இங்கே சட்டமாகவே போட்டுவிட்டார்கள், அந்த வகையில் நல்லதுதான்.

2023 ஜூனில் இன்னொன்று. நீங்கள் கூட்டிவரும் ஆட்கள் கட்டாமல் போனால் நஷ்டத்தை நான் ஏற்கிறேன் என்று கடன் கொடுக்கும் நிறுவனத்துக்கு ஆப் கம்பெனி உத்தரவாதம் கொடுப்பது வழக்கம். அதற்கு 5 சதவீதம் உச்சவரம்பு. 100 கோடி கடன் தொகுப்பு என்றால் 5 கோடி வரைதான், அதுவும் ரொக்கமாகவோ, வைப்பு நிதியாகவோ, வங்கி உத்தரவாதமாகவோ கையில் இருக்க வேண்டும். சொந்தமாக என்பிஎஃப்சி உரிமம் எடுக்கலாம் என்றால் 10 கோடி சொந்த நிதி. பெங்களூரில் ஸெஸ்ட்மனி என்று இந்தத் துறையில் பெரிய பெயர் இருந்தது. 2023 மார்ச்சில் போன்பே அதை வாங்குவதாக இருந்த பேச்சு முறிந்தது, டிசம்பரில் மூடுவதாக அறிவித்துவிட்டார்கள். அவர்களிடம் கோட் எழுதத் தெரிந்தவர்களுக்குப் பஞ்சமா என்ன?

---

பழைய_யூனிக்ஸ்:

அக்கா பயமுறுத்திவிட்டார், நான் கொஞ்சம் வேறு பக்கம் திருப்புகிறேன். லெவ்சினை அப்படியே நகல் எடுக்க வேண்டிய அவசியம் இல்லை. 2004ல் அவர் செய்த இன்னொரு வேலையைப் பாருங்கள், பேபாலில் தன்னிடம் வேலை பார்த்த ஜெரமி ஸ்டாப்பல்மன், ரஸல் சிம்மன்ஸ் என்ற இரண்டு பொறியாளர்களுக்கு 10 லட்சம் டாலர் கொடுத்து யெல்ப் என்ற கடை விமர்சனத் தளத்தைத் தொடங்க வைத்தார், 2015 வரை அதன் தலைவராகவும் இருந்தார். அதாவது நல்ல ஆட்களோடு ஒரு கஷ்டமான இடத்தில் வேலை பார்த்ததுதான் அவருடைய முதலீடு. 2011ல் அவர் ஆரம்பித்த ஆய்வுக்கூடத்துக்குப் பெயர் எச்விஎஃப், 'கடினம், மதிப்பு, வேடிக்கை' என்ற பொருள் தரும் மூன்று ஆங்கிலச் சொற்களின் முதலெழுத்துகள்தான், அஃபர்ம் அங்கேதான் பிறந்தது.

ஜாவாக்காரன், உங்கள் கையில் சார்ஜ்பேக் ஃபைல் இருக்கிறது என்றீர்கள். பேபாலில் அவர் உட்கார்ந்த நாற்காலிக்குப் பக்கத்து நாற்காலியில்தான் உட்கார்ந்திருக்கிறீர்கள். அதில் வரும் காரணக் குறியீடுகளை என்றாவது உட்கார்ந்து படித்தீர்களா? விசா கார்டில் 10.4 என்றால் கார்டு நேரில் இல்லாத பரிவர்த்தனையில் மோசடி, 13.1 என்றால் பொருள் வந்து சேரவில்லை என்ற புகார். 10.4 என்று வருவதில் எவ்வளவு நிஜத் திருட்டு, எவ்வளவு வாங்கிய ஆளே வாங்கிவிட்டு இல்லை என்று சொல்வது? அதைப் பிரித்துச் சொல்லும் கருவிக்கு உரிமம் வேண்டாம், 10 கோடி வேண்டாம், வெளிநாட்டுக்கு ஆன்லைனில் விற்கும் திருப்பூர், கோவைக் கம்பெனிகள் சார்ஜ்பேக்கில் பணம் போனால் யாரிடம் கேட்பது என்று தெரியாமல் நிற்கிறார்கள்.

---

ஓஎம்ஆர்_ஜாவாக்காரன்:

சார், உண்மையைச் சொன்னால் அந்தக் குறியீடு எங்களுக்கு ஒரு எனம் வேல்யூ (கோடில் வரும் ஒரு பட்டியல் மதிப்பு), அவ்வளவுதான். பார்ஸ் பண்ணி டேபிளில் போட்டுவிட்டு அடுத்த டிக்கெட்டுக்குப் போவோம். எங்கள் பிசினஸ் அனலிஸ்ட் ஒருவருக்கு இந்த விதிகள் எல்லாம் அத்துப்படி, அவரோடு உட்கார்ந்து பேசிப் பார்க்கிறேன். ஒரு மாதிரித் தொகுப்பை எடுத்து வீட்டில் ஓட்டிப் பார்க்கலாமா என்றும் யோசிக்கிறேன்.

---

ரிஸ்க்_டெஸ்க்_அக்கா:

ஐயோ, அந்தக் கடைசி வரியை மட்டும் செய்யாதீர்கள் தம்பி! வங்கி டேட்டா ஒரு வரிகூட உங்கள் லேப்டாப்புக்கு வரக் கூடாது, பெயர், எண் எல்லாம் அழித்துவிட்டேன் என்று சொன்னாலும் வேலையோடு சேர்த்து வழக்கும் வரும். விசா, மாஸ்டர்கார்ட் இரண்டின் தகராறு விதிப் புத்தகங்களும் அவர்கள் தளத்திலேயே கிடைக்கின்றன, அதில் தொடங்குங்கள். டேட்டா வேண்டுமென்றால் ஏற்றுமதி செய்யும் சின்ன வியாபாரி ஒருவரைப் பிடித்து, அவருடைய தகராறுகளை அவர் சம்மதத்தோடு, இலவசமாக நீங்களே எதிர்த்து வாதாடிக் கொடுங்கள். இன்னொன்று, உங்கள் அப்பாயின்ட்மென்ட் ஆர்டரோடு கையெழுத்துப் போட்ட பேப்பரை எடுத்துப் படியுங்கள். வேலையில் இருக்கும்போது வெளியே எழுதும் கோடும் கம்பெனிக்கே சொந்தம் என்று சிலவற்றில் இருக்கும். அப்படி இருந்தால் முதல் வரி கோட் எழுதுவதற்கு முன்னால் ஒரு வக்கீலைப் பாருங்கள்.